பாட்டியின் பெயர் என்ன?

இரண்டு இதழ்களுக்கு முன், தமிழ்ப் படங்களில் அம்மாவாகவும் பாட்டியாகவும் நடித்தவர்களில் உரிய பெயர் கிடைக்காமல் போனவர் யார் என்று பரமக்குடி வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். 'எஸ்.என்.லட்சுமி' என்று மட்டும் எழுதிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். அந்த ஒற்றை வரி போதாது என்று இராமேசுவரத்திலிருந்து தொண்டி வரையுள்ள கடற்கரை ஊர்களின் வாசகர்கள் கடிதம் எழுதியிருக்கிறார்கள். மண்டபத்தில் பிறந்து வளர்ந்த எனக்கு அந்தக் கடிதங்களைப் புறந்தள்ள மனம் வரவில்லை. ஆகவே இந்த இதழின் கேள்வி பதில் முழுவதும் அவரைப் பற்றியதே.

விசைப்படகுத் தொழிலாளர், தங்கச்சிமடம்: தடைக்காலத்தில் கடலுக்குப் போக வழியில்லாமல் வீட்டில் கிடந்தபோது 'சர்வர் சுந்தரம்' பார்த்தேன். நாகேஷுக்குத் தாயாக வரும் அம்மாள் என்னை அழவைத்துவிட்டார். வீட்டில் யாருக்கும் பெயர் தெரியவில்லை. அவர்தான் நீங்கள் சொன்ன லட்சுமியா?

அவரேதான். 1964 டிசம்பரில் வெளிவந்த அந்தப் படத்தில் கே.ஆர்.விஜயா, முத்துராமன் என்று பெரிய பெயர்கள் இருந்தபோதிலும், கதையின் பாரத்தைக் கடைசியில் தாங்குவது அந்தத் தாய்தான். ஓட்டலில் பரிமாறிக்கொண்டிருந்த மகன் பெரிய நடிகனாகி, விளக்குகளுக்கு நடுவே நின்றுகொண்டிருக்கும் நேரத்தில், வீட்டில் தாய் அடிபட்டு உயிருக்குப் போராடுகிறாள். செய்தி உரிய வேளையில் மகனை எட்டாமலேயே போகிறது. வசனம் பேசி அழவைப்பது ஒரு திறமை. ஆனால் திரையில் தான் இல்லாத இடத்திலும் தன்னை நினைத்துப் பார்ப்பவர் பதறும்படி, அதற்கு முந்தைய காட்சிகளிலேயே பாசத்தை ஊன்றிவிட்டுப் போவது அதைவிடப் பெரிய திறமை. லட்சுமி செய்தது இரண்டாவது.

தாங்கள் அறிந்தால் வியக்கக்கூடிய செய்தி ஒன்று உண்டு. நாகேஷ் பிறந்தது 1933இல். லட்சுமி பிறந்தது 1927இல். அதாவது 37 வயதுப் பெண் 31 வயது ஆணுக்குத் தாயாகியிருக்கிறார். நரைத்த முடியை ஒப்பனைக்காரர் ஒட்டிவிடலாம். முதுகின் கூனையும், படி இறங்கும்போது முதலில் கையால் சுவரைத் தேடும் தயக்கத்தையும் எந்த ஒப்பனைக்காரரும் ஒட்ட முடியாது. அவற்றை நடிப்பவரே கண்டுபிடித்துக்கொள்ள வேண்டும்.

அந்த டிசம்பரில் தங்கள் இராமேசுவரம் தீவில் யாரும் இப்படத்தைப் பார்த்திருக்க வாய்ப்பில்லை. அம்மாதம் 22ஆம் தேதி இரவு அடித்த புயலில் தனுஷ்கோடி அழிந்தது. பாம்பன் ரயில் பாலமும் சிதைந்தது. அன்று தீவுக்குச் சாலைப் பாலம் கிடையாது. படப்பெட்டியானாலும் அரிசி மூட்டையானாலும் ரயிலில்தான் வந்தாக வேண்டும். ஸ்ரீதரன் என்ற இளம் பொறியாளர், பின்னாளில் மெட்ரோ ஸ்ரீதரன் என்று நாடறிந்தவர், பாலத்தை 46 நாட்களில் சீர்செய்து கொடுத்தார். அதன் பிறகு கொட்டகைக்கு வந்துசேர்ந்த படங்களில் இதைப் பார்த்த என் அத்தை, புயலில் உறவினரைப் பறிகொடுத்தவர், தாய் இறக்கும் காட்சிக்கு முன்பே எழுந்து வெளியே போய்விட்டாராம். 'செய்தி வந்து சேராத சாவு வீட்டை நான் பார்த்துவிட்டேன், படத்தில் வேறு பார்க்க வேண்டுமா' என்பது அவர் சொன்ன காரணம்.

வாசகி, கீழக்கரை: எஸ்.என்.லட்சுமி நம் இராமநாதபுரம் மாவட்டத்துக்காரர் என்று என் தகப்பனார் சொல்கிறார்; விருதுநகர்க்காரர் என்று என் கணவர் சொல்கிறார். வீட்டில் சமாதானம் வர யார் சொல்வது சரி என்று எழுதவும்.

இருவரும் சரியே. விருதுநகருக்கு அருகிலுள்ள சென்னெல்குடி என்ற சிற்றூரில் அவர் பிறந்தபோது, அது இராமநாதபுரம் ஜில்லாவுக்குள் அடக்கம். 1985இல் பழைய ஜில்லா மூன்றாகப் பிரிந்து, இராமநாதபுரம், சிவகங்கை, விருதுநகர் மாவட்டங்கள் உருவாயின. எனவே தங்கள் தகப்பனார் பிறப்புக் கணக்கும், கணவர் வரைபடக் கணக்கும் சொல்கிறார்கள்.

பிரியாத ஜில்லா என்று எடுத்துக்கொண்டால் நமக்குப் பெருமைப்பட இன்னும் சிலர் இருக்கிறார்கள். மனோரமா மன்னார்குடியில் பிறந்தாலும் வளர்ந்ததும் நாடகத்துக்கு வந்ததும் பள்ளத்தூரில். 'பள்ளத்தூர் பாப்பா' என்றே அவரை முதலில் அழைத்தார்கள். '16 வயதினிலே' படத்தில் குருவம்மாளாக வந்த காந்திமதி மானாமதுரைக்காரர். ஒருவர் கடல் கடந்தும் புகழ் பெற்றார், ஒருவர் தமிழ்நாட்டு வீடுகளெல்லாம் அறிந்தவரானார், மூன்றாமவரான லட்சுமியின் முகம் மட்டும் பழகிப்போய், பெயர் பழகாமலே நின்றுவிட்டது. அவருக்குப் பிற்காலத்தில் நல்ல வேடங்களை மீண்டும் மீண்டும் கொடுத்த கமல்ஹாசன் பரமக்குடியில் பிறந்தவர் என்பதையும் தங்கள் தகப்பனார் தம் கட்சிக்குச் சேர்த்துக்கொள்ளலாம்.

பள்ளி ஆசிரியர், உச்சிப்புளி: அவர் நாடகத்திலிருந்து வந்தவர் என்று படித்திருக்கிறேன். இன்று நடிப்புப் பயிற்சிக்கென்று எத்தனையோ வகுப்புகள் இருக்கும்போது, அன்றைய நாடகக் கம்பெனி அப்படி எதைக் கற்றுக்கொடுத்தது?

முதலில் அவர் அங்கே போய்ச் சேர்ந்த வழியைச் சொல்லிவிடுகிறேன். அவர் பதின்மூன்றாவது குழந்தை. தகப்பனார் சீக்கிரமே இறந்துவிட, தாய் பிள்ளைகளுடன் விருதுநகருக்குக் குடிபெயர்ந்தார். அங்கே ஆட்டமும் பாட்டும் தெரிந்த அக்கம்பக்கத்துப் பெண்களிடம் ஒட்டிக்கொண்டு வளர்ந்த சிறுமி, சிறு வயதிலேயே வீட்டைவிட்டு நாடகத்துக்குப் போய்விட்டார். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனின் நாடகக் குழுவில் சேர்ந்தது அவருடைய வாழ்க்கையின் பெரிய திருப்பம்.

இனி தங்கள் கேள்வி. தங்கள் பகுதிக் கோயில் திருவிழாக்களில் இன்றும் விடிய விடிய 'வள்ளி திருமணம்' நடக்கிறது அல்லவா? அது ஸ்பெஷல் நாடக முறை. வள்ளி ஓர் ஊரிலிருந்தும், வேலன் ஓர் ஊரிலிருந்தும், நாரதர் வேறோர் ஊரிலிருந்தும் தனித்தனியே ஒப்பந்தமாகி வந்து, மாலையில்தான் முகம் பார்த்துக்கொள்வார்கள். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிவைத்த பாட்டும் வசனமும் அனைவருக்கும் பொது என்பதால் மேடையில் முட்டிக்கொள்ளாமல் விடிய வைத்துவிடுவார்கள். கம்பெனி நாடகம் இதற்கு நேர்மாறானது. ஒரே கூரையின் கீழ் உண்டு, உறங்கி, ஒத்திகை பார்த்து, ஊர் ஊராகப் போவார்கள். ஸ்பெஷல் நாடகம் தனித்திறமையை வளர்க்கும்; கம்பெனி, மற்றவர் பேசும்போது சும்மா நிற்கக் கற்றுக்கொடுக்கும்.

சும்மா நிற்பது என்றால் எளிதாக எண்ணிவிட வேண்டாம். ஆசிரியரான தங்களுக்கு இது விளங்கும்: ஒரு மாணவன் பதில் சொல்லிக்கொண்டிருக்கும்போது மற்ற முப்பது பேரின் முகத்தையும் பாருங்கள். கேட்பவன் யார், கேட்பதுபோல் பாவனை செய்பவன் யார் என்று தெரிந்துவிடும். மேடையில் அந்த வித்தியாசம் கடைசி வரிசைக்கும் தெரியும். லட்சுமியின் எந்தக் காட்சியை எடுத்துக்கொண்டாலும் எதிரே இருப்பவர் பேசும்போது அவர் உண்மையாகவே கேட்டுக்கொண்டிருப்பார். பேசுபவரின் சொல் அவர் முகத்தில் வந்து விழுவதைப் பார்க்கலாம். முறை வரும்வரை காத்திருந்து தன் வரியை மட்டும் சொல்லிவிட்டுப் போகும் பழக்கம் அவரிடம் இல்லை.

இன்னொன்று குரல். ஒலிபெருக்கி எல்லா ஊர்களுக்கும் வராத காலத்தில், வயிற்றிலிருந்து குரல் எடுத்துப் பேசினால்தான் தரை டிக்கெட்டின் கடைக்கோடிக்கு எட்டும். நம் கடற்கரையில் இது இன்னும் கடினம். காற்று எதிர்முகமாக அடித்தால் பாதிச் சொல்லை அது கொண்டுபோய்விடும். அப்படிப் பழகிய குரல் சினிமாவுக்கு வரும்போது பலருக்கு அதுவே குறையாகிவிட்டது. மைக் முன்னாலும் மேடைபோலவே முழங்கினார்கள். லட்சுமி தணித்துக்கொள்ளத் தெரிந்தவர். முணுமுணுத்தாலும் ஒவ்வொரு எழுத்தும் தெளிவாகக் கேட்கும்.

வாசகர், ஏர்வாடி: அவர் சிறுத்தையுடன் சண்டை போட்டார் என்று ஒருவர் சொன்னார். கட்டுக்கதையா?

அவரைப் பற்றி எழுதியவர்கள் தவறாமல் குறிப்பிடும் செய்தி அது. எம்.ஜி.ஆர். நடித்து 1960இல் வந்த 'பாக்தாத் திருடன்' படத்துக்காக அப்படியொரு காட்சியில் அவர் நடித்தார். துணிச்சலான வேலைகளுக்கு அவரைக் கூப்பிடும் வழக்கம் அந்நாளில் இருந்தது. பாட்டியாக மட்டுமே பார்த்துப் பழகிய நமக்கு, அவருடைய உடம்பு ஒரு காலத்தில் ஆட்டத்துக்கும் தாவலுக்கும் வளைந்த உடம்பு என்பது மறந்துபோகிறது.

இல்லத்தரசி, பாம்பன்: எனக்கு அவரை 'மைக்கேல் மதன காமராஜன்' பாட்டியாகத்தான் தெரியும். எத்தனை முறை பார்த்தாலும் சிரிப்பு அடங்குவதில்லை. அதில் அப்படி என்ன செய்கிறார்?

ஒன்றுமே செய்யாதவர்போல் இருக்கிறார், அதுதான் செய்வது. 1990 தீபாவளிக்கு வந்த அந்தப் படத்தில், ஊர்வசி ஏற்ற திருப்புரசுந்தரியின் பாட்டி அவர். கண்ணில் பட்ட பொருளைக் கையோடு எடுத்துக்கொள்ளும் பழக்கம் உள்ளவர். இந்த வேடத்தை வேறொருவர் ஏற்றிருந்தால், திருடுவதற்கு முன் இருபுறமும் பார்த்து, கண்ணை உருட்டி, 'பாருங்கள், நான் திருடப் போகிறேன்' என்று நமக்கு அறிவித்துவிட்டே எடுத்திருப்பார். லட்சுமியின் கை தன்பாட்டில் போகும். முகம் வேறு காரியத்தில் இருக்கும். கைக்கும் முகத்துக்கும் பேச்சுவார்த்தையே இல்லை என்பதுபோல் இரண்டையும் பிரித்து வைத்துக்கொள்கிறார். மடியில் பொருள் போய்ச் சேர்ந்த பிறகும் முகத்தில் வெற்றிக்களிப்பு வராது. கல்யாண வீட்டில் வெற்றிலை எடுத்துக்கொண்ட கிழவியின் சாதாரணத் திருப்தி மட்டுமே இருக்கும். நமக்குச் சிரிப்பு வருவது அதனால்தான்.

அடுத்த முறை பார்க்கும்போது அவர் முகத்தைப் பார்க்காமல் கையை மட்டும் பாருங்கள். பிறகு மறுபடி ஓட்டி, கையைப் பார்க்காமல் முகத்தை மட்டும் பாருங்கள். இரண்டு வேறு படங்கள் பார்த்ததுபோல் இருக்கும்.

இதே அம்மாள் நான்கு ஆண்டு கழித்து 'மகாநதி'யில் கமல்ஹாசனின் மாமியாராக வந்தார். மருமகன் சிறையில், பேரப்பிள்ளைகள் தன் கையில், ஊரை விட்டு வந்து சேர்ந்த பட்டணத்தில் உதவ நாதியில்லை. அந்தக் குடும்பம் படிப்படியாகச் சரிவதை அவருடைய உடம்பில் பார்த்துக்கொண்டே வரலாம். தொடக்கத்தில் நிமிர்ந்து உட்கார்ந்து அதட்டும் வீட்டுப் பெரியவர், பிறகு குரல் தேய்ந்து, நோயில் விழுந்து, போய்விடுகிறார். திருட்டுப் பாட்டியையும் இந்த மாமியாரையும் அடுத்தடுத்த நாட்களில் பார்த்தால், இருவரும் ஒருவரே என்று நம்ப ஒரு கணம் பிடிக்கும். எனக்குப் பிடித்தது எது என்று கேட்டால் தயங்காமல் 'மகாநதி' என்பேன். சிரிக்கவைத்த படத்தைத்தான் ஊர் நினைவில் வைத்திருக்கிறது என்பதில் எனக்குச் சிறிது வருத்தமும் உண்டு.

2004 பொங்கலுக்கு வந்த 'விருமாண்டி'யில் அவர் நாயகனின் பாட்டி. தென்மாவட்டப் பேச்சை அவர் பயிற்சி எடுத்துப் பேச வேண்டியிருக்கவில்லை. ஊரில் கேட்டு வளர்ந்த பேச்சு, அறுபது ஆண்டு சென்னையில் வாழ்ந்த பிறகும் நாக்கடியில் பத்திரமாக இருந்திருக்கிறது.

கல்லூரி மாணவர், தேவிபட்டினம்: இவ்வளவு திறமையிருந்தும் ஏன் பெயர் வெளியே வரவில்லை? 1500 படங்களுக்கு மேல் நடித்தார் என்கிறார்கள். நம்பும்படியாகவா இருக்கிறது?

கணக்குப் போட்டுப் பார்ப்போம். அவர் முகம் காட்டிய முதற்படங்களில் ஒன்றான 'சந்திரலேகா' 1948இல் வந்தது. அவர் மறைந்தது 2012 பிப்ரவரி 20ஆம் தேதி. இடையில் 64 ஆண்டுகள். 1500 படம் என்றால் ஆண்டுக்கு 23 படத்துக்குக் கொஞ்சம் மேல். கதாநாயகியாக இருந்தால் இது நடவாத காரியம். ஆனால் ஒரு படத்துக்கு ஒரு நாளோ இரண்டு நாளோ கால்ஷீட் கொடுத்து, காலையில் ஒரு படத்தில் தாயாகவும் மாலையில் இன்னொன்றில் பக்கத்து வீட்டு மாமியாகவும் நடிப்பவருக்கு 23 என்பது பெரிய எண் அல்ல. 6000 முறை மேடை ஏறினார் என்றும் எழுதுகிறார்கள். நாள்தோறும் ஒரு நாடகம் என்றாலும் அதற்குப் பதினாறு ஆண்டுகளுக்கு மேல் வேண்டும். கம்பெனிக் காலத்தையும் சென்னைச் சபாக்களின் காலத்தையும் சேர்த்தால் அதுவும் கைக்கு எட்டுகிற கணக்கே.

பெயர் வராததற்குக் காரணம் திறமைக் குறைவு அல்ல. பெயரைப் பதிவு செய்யும் முறைதான். படத்தின் தொடக்கத்தில் டைட்டில் கார்டு ஓடும்போது முதல் அட்டையில் நாயகன், அடுத்து நாயகி, அதற்கடுத்து நகைச்சுவை என்று வந்து, பத்துப் பன்னிரண்டு பெயர்களை ஒரே அட்டையில் நெருக்கி எழுதி, 'மற்றும் பலர்' என்று முடித்துவிடுவார்கள். படத்தில் எந்தப் பெயர் எந்த முகத்துக்குரியது என்பது அந்த அட்டையைப் பார்த்து யாருக்கும் விளங்காது. பாட்டுப் புத்தகத்திலும் சுவரொட்டியிலும் தாய் வேடத்தாருக்கு இடமில்லை. கொட்டகைக்குத் தாமதமாக வந்தவர் அந்த அட்டையையும் பார்ப்பதில்லை. இன்று தொலைக்காட்சியில் பழைய படம் போடும்போது அந்தப் பகுதியையே பல சமயம் வெட்டிவிடுகிறார்கள்.

என் சொந்த அனுபவம் ஒன்று சொல்கிறேன். அவர் மறைந்தபோது பத்திரிகை ஒன்றுக்கு ஒரு பக்க அஞ்சலிக் குறிப்பு எழுதி அனுப்பினேன். குறிப்பு வந்தது, கூடவே போட்டிருந்த படம் வேறொரு நடிகையுடையது, அதுவும் உயிரோடிருந்தவருடையது. திருத்தம் போடச் சொல்லித் தொலைபேசியில் பேசினேன். 'எல்லாம் பாட்டிதானே சார்' என்று எதிர்முனையில் சிரித்தார்கள். திருத்தம் கடைசி வரை வரவில்லை. தமிழக அரசு கலைமாமணி விருது தந்து மதித்த ஒருவருக்குப் பத்திரிகை உலகில் கிடைத்த மதிப்பு அது. நானும் அந்த உலகத்தைச் சேர்ந்தவன்தான் என்பதால் இதைக் கூச்சத்துடனேயே எழுதுகிறேன்.

வாசகர், தொண்டி: எஸ்.என்.லட்சுமியும் எஸ்.என்.பார்வதியும் அக்காள் தங்கையா?

இல்லை, இருவரும் வேறு வேறு நடிகைகள். தலைப்பெழுத்து ஒன்றாக இருப்பதால் வந்த குழப்பம் இது. லட்சுமியின் 'எஸ்' சென்னெல்குடி, 'என்' தகப்பனார் நாராயணன் பெயர்.

ஓய்வுபெற்ற ரயில்வே ஊழியர், மண்டபம்: கடைசிக் காலத்தில் அவர் தொடர்களில் நடித்தாரே, அது சினிமாவில் வாய்ப்புக் குறைந்ததாலா? தொடரில் நடிப்பது சினிமாவைவிட எளிதா?

ஒரே ஊர்க்காரர் கேட்டிருப்பதால் ஊர்க் கதையோடு தொடங்குகிறேன். தங்களுக்கு நினைவிருக்கும்; 1982இல் இலங்கையில் ரூபவாகினி தொடங்கியபின், நம் பக்கத்து மொட்டைமாடி ஆன்டெனாக்கள் சென்னையைப் பார்த்துத் திரும்பியதைவிட இலங்கையைப் பார்த்துத் திரும்பியதே அதிகம். சென்னைத் தொலைக்காட்சி 1975 முதல் இருந்தும் அதன் அலை இங்கே வந்து சேரவில்லை. இராமேசுவரத்தில் 323 மீட்டர் உயரத்துக்குத் தூர்தர்ஷன் கோபுரம் எழும்பிய பிறகுதான் நம் வீட்டுப் பெட்டி நம் நாட்டு நிகழ்ச்சியைப் புள்ளியில்லாமல் காட்டியது. காற்றடித்து ஆன்டெனா திரும்பிவிட்டால், மாடியில் ஒருவர், வாசலில் ஒருவர், பெட்டியருகே ஒருவர் என்று நின்று 'வந்திருச்சு, வந்திருச்சு, போச்சு' என்று கத்துவோமே, அப்படிப் பார்த்த படங்களில் லட்சுமி அம்மாளை எத்தனை முறை பார்த்திருப்போம். அன்று யாரும் பெயரைக் கேட்கவில்லை.

தொடர்களுக்கு அவர் வந்தது வாய்ப்புக் குறைந்ததால் மட்டும் அல்ல. தொண்ணூறுகளில் தனியார் தொலைக்காட்சிகள் வந்தபின் சினிமாவில் கூட்டுக்குடும்பக் கதை தேய்ந்தது. அது அப்படியே சின்னத்திரைக்குக் குடிபெயர்ந்தது. பாட்டி இருக்கும் வீடு எங்கே இருக்கிறதோ அங்கேதான் பாட்டி நடிகை போக முடியும். 'தென்றல்', 'சரவணன் மீனாட்சி' போன்ற தொடர்களில் அவர் நடித்தது அப்படித்தான்.

எளிதா என்றால், இல்லை. சினிமாவில் ஒரு நாளில் எடுக்கும் நீளத்தைப்போலப் பல மடங்கைத் தொடரில் ஒரு நாளில் எடுத்தாக வேண்டும். வசனத்தாள் காலையில் படப்பிடிப்பு வீட்டுக்கு வந்தபிறகுதான் கைக்குக் கிடைக்கும். அடுத்த மாதம் தன் பாத்திரம் நல்லதா கெட்டதா என்பது நடிப்பவருக்கே தெரியாது. கதையில் ஒரு சண்டை வந்தால் வீட்டிலுள்ள எல்லோருடைய முகத்தையும் தனித்தனியே நெருக்கத்தில் எடுப்பார்கள். பேச்சே இல்லாத பாட்டியும் ஒப்பனையோடு அதுவரை காத்திருக்க வேண்டும். எண்பது வயதைத் தாண்டியவருக்கு இது என்ன பாடு என்று எண்ணிப்பாருங்கள். 'சரவணன் மீனாட்சி' தொடங்கியது 2011 இறுதியில். சில மாதங்களிலேயே அவர் காலமாகிவிட்டார். ஓய்வெடுத்தபின் இறந்தவர் அல்லர். வேலையில் இருக்கும்போதே போனவர்.

நம் தெருக்களில் வலை பின்னிக்கொண்டும் ஓலை முடைந்துகொண்டும் கிழவிகள் தொடர் பார்ப்பார்களே, அவர்களில் ஒருவர் அந்த வாரம் என் தாயாரிடம் கேட்டது, 'அந்த ஆத்தாளுக்கு என்ன சுகமில்லையா, நாலு நாளாக் காணோம்' என்பது. பெயர் தெரியாதவர்கள் காணோம் என்று தேடினார்கள்.

வாசகர், சாயல்குடி: அவர் ஏன் திருமணம் செய்துகொள்ளவில்லை?

செய்துகொள்ளவில்லை என்பது செய்தி. ஏன் என்பது அவருடைய சொந்த விஷயம். நாகேஷ் ஏன் திருமணம் செய்துகொண்டார் என்று யாரும் எனக்கு எழுதியதில்லை.

பாசி எடுக்கும் பெண், சின்னப்பாலம்: நான் சொல்லச் சொல்ல என் தம்பி மகன் எழுதுகிறான். என் மகளுக்கு 13 வயது. பள்ளிக்கூட நாடகத்தில் எல்லோரும் மெச்சினார்கள். தொடரில் சேர்த்துவிடுவதாக ஒருவர் சொல்லி, போட்டோ ஆல்பம் எடுக்கவும் பதிவுக்கும் பணம் கேட்கிறார். கொடுக்கலாமா ஐயா?

கொடுக்க வேண்டாம், அம்மா. இந்தத் தொழிலில் நடிப்பவருக்குப் பணம் கொடுப்பார்கள். நடிப்பவரிடம் பணம் வாங்க மாட்டார்கள். முன்பணம் கேட்பவர் யாராக இருந்தாலும், எந்தக் கம்பெனியின் அட்டையைக் காட்டினாலும், அங்கேயே பேச்சை முடித்துவிடுங்கள். கடலில் முங்கி, கையில் முள்ளும் பாறையும் கிழித்துச் சேர்த்த காசு அது. முகத்தைத் தெளிவாகக் காட்டும் இரண்டு மூன்று கைப்பேசிப் படங்களும், மகள் பேசி நடித்த சிறு காணொளி ஒன்றும் போதும், அதற்குச் செலவில்லை.

மகளுக்கு 14 வயது நிறையாததால் சட்டமும் உங்கள் பக்கம் இருக்கிறது. குழந்தை நடிப்பதானால் படப்பிடிப்பு நடக்கும் மாவட்டத்தின் ஆட்சியரிடம் தயாரிப்பாளர் முன்அனுமதி பெற வேண்டும். ஒரு நாளில் 5 மணி நேரத்துக்கு மேலும், இடைவேளையின்றித் தொடர்ந்து 3 மணி நேரத்துக்கு மேலும் வேலை வாங்கக்கூடாது. தொடர்ச்சியாக 27 நாட்களுக்கு மேல் நடிக்க வைக்கக்கூடாது. படிப்பு கெடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். சம்பளத்தில் குறைந்தது 20 விழுக்காட்டைக் குழந்தையின் பெயரில் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்பு நிதியாகப் போட வேண்டும். இவற்றைச் சொன்னதும் அந்த மனிதர் நழுவினால், அவர் யார் என்பது உங்களுக்கே விளங்கிவிடும்.

லட்சுமி அம்மாள் சிறுமியாக வீட்டைவிட்டுப் போனதை முன்னுதாரணமாக யாராவது சொன்னால் ஏற்க வேண்டாம். அவர் போனது வேறு வழியில்லாத காலத்தில். உங்கள் மகளுக்குப் பள்ளிக்கூடம் இருக்கிறது, நீங்கள் இருக்கிறீர்கள். ஊர்த் திருவிழாவிலும் பள்ளியிலும் மேடை கிடைக்கும்போதெல்லாம் ஏறட்டும். வள்ளி திருமணத்துக்கு வரும் நடிகைகளிடம் ஒப்பனை நேரத்தில் போய் உட்கார்ந்து பேச விடுங்கள். அவர்கள் இந்தத் தொழிலின் நல்லதையும் கெட்டதையும் ஒளிக்காமல் சொல்வார்கள்.

வாசகர், இராமேசுவரம்: அவருடைய தொடக்க காலத்தைத் திரையில் பார்க்க வேண்டுமானால் எங்கே பார்ப்பது?

ஜெமினி வாசன் எடுத்த 'சந்திரலேகா'வின் முரசு நடனத்தைப் பாருங்கள். பெரிய பெரிய முரசுகள். அவற்றின் மேலும் கீழும் நூற்றுக்கணக்கான பெண்கள். ஆட்டம் முடியும்போது முரசுகளுக்குள்ளிருந்து வீரர்கள் குதித்துப் போர் தொடங்கும். எல்லோரும் டி.ஆர்.ராஜகுமாரியைப் பார்க்கும் அந்தக் காட்சியில், ஆடும் பெண்களுக்குள் ஒருத்தியாக இருபத்தொரு வயது லட்சுமி இருக்கிறார். காமிரா யாரிடமும் நிற்காமல் நகர்ந்துகொண்டே இருக்கும். நான் மூன்று முறை நிறுத்தி நிறுத்திப் பார்த்து, இரண்டாம் வரிசையில் ஒரு முகத்தைக் குறித்து வைத்திருக்கிறேன். என் மனைவி வேறொரு முகத்தைக் காட்டி வாதாடுகிறார். தங்கச்சிமடம் நண்பரும் தாங்களும் அடுத்த தடைக்காலத்தில் பார்த்துவிட்டு, எந்த முரசு, இடப்பக்கமா வலப்பக்கமா என்று எழுதுங்கள்.